யுத்தப் படங்களும் குப்பத்து வலையும்

அடையாறு கடலோடு கலக்கும் முகத்துவாரத்திற்குத் தெற்கே, ஒரு பக்கம் பிரம்மஞான சபையின் தோப்பும் மறு பக்கம் பெசன்ட் நகரும் அமைய, கடலைப் பார்த்து இருக்கிறது ஊரூர் ஒல்காட் குப்பம். கடலுக்குச் சென்றவர்கள் கரை திரும்பும் காலை வேளையில் அங்கே நின்று பார்ப்பவர் கண்ணில் முதலில் படுபவை மூன்று பொருள்கள்: வலை, படகு, கயிறு. வலை நைலான் நூலால் ஆனது. படகு கண்ணாடி இழையும் பிசினும் சேர்ந்து இறுகியது. கயிறு பாலிதீன் வகையைச் சேர்ந்தது. இவற்றின் கச்சாப் பொருள்கள் மூன்றும் 1930-ஆம் ஆண்டுக்கு முன்னர் தொழிற்சாலைச் சரக்காக உலகில் எங்கும் விற்றதில்லை. மூன்றையும் வளர்த்துப் பெரிதாக்கியது இரண்டாம் உலக யுத்தம்.

தறியும் ஏரும் பிடிக்கும் நம் அங்கத்தினர்களுக்கு மீன் வலையில் என்ன அக்கறை என்று சிலர் கேட்கக்கூடும். அந்த வலை ஒரு காலத்தில் பருத்தி நூலாகவும் சணப்பை நாராகவும் இருந்தது. அந்தக் கயிறு தென்னை நாராக இருந்தது. வலைக்குத் துவர் ஏற்றிய பட்டையும் காயும் மரத்தில் காய்த்தவை. நம் சரக்கு உட்கார்ந்திருந்த இடத்தில் வேறொரு சரக்கு எவ்வாறு வந்து அமர்ந்தது என்பதே நாம் இங்கு சொல்ல வந்த விஷயம்.

இவ்வகைப் புதுப் பொருள்களையும் அவற்றைச் செய்யும் ஆலைகளையும் சாதாரண ஜனங்களுக்கு அறிமுகம் செய்து வைத்தவை அக்காலத்துத் துண்டுப் படங்கள். அமெரிக்காவிலும் இங்கிலாந்திலும் இவை நூற்றுக்கணக்கில் எடுக்கப்பட்டன. நம் நாட்டில் 1940-ஆம் ஆண்டில் திரைப்பட ஆலோசனைக் குழு ஒன்றை அன்றைய சர்க்கார் அமைத்தது. 1943-இல் அதன் இடத்தில் ‘இன்பர்மேஷன் பிலிம்ஸ் ஆப் இந்தியா’ என்னும் ஸ்தாபனம் வந்தது. யுத்தத்திற்கு உதவும் ஆலைகள், கைத்தொழில்கள், சிக்கனம் முதலியவை அதன் படங்களுக்குப் பொருளாயின. தமிழிலும் விளக்கவுரை உண்டு. அதே 1943-இல், அங்கீகரிக்கப்பட்ட இத்தகைய படங்களை ஒவ்வொரு காட்சியிலும் கட்டாயம் காட்ட வேண்டும் என்று கொட்டகைக்காரர்களுக்கு யுத்தகாலச் சட்டத்தின் கீழ் உத்தரவும் பிறந்தது. ஜனங்கள் விரும்பிச் சென்றது கதைப் படத்திற்கு. பார்க்க நேர்ந்தது இதையும் சேர்த்து. 1946-இல் அந்த ஸ்தாபனம் மூடப்பட்டது. சுதந்திரம் வந்த பிறகு 1948-இல் ‘பிலிம்ஸ் டிவிஷன்’ தோன்றி அந்த வழக்கத்தைத் தொடர்ந்தது. 2022-இல் அது தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு இணைக்கப்பட்டது.

இப்படங்களில் பெரும்பாலானவை ஒரே வாய்பாட்டில் அமைந்தவை. முதலில் வயலோ சுரங்கமோ காட்டப்படும். அடுத்து இயந்திரம். அதன் பின் சரக்கு குவியும். முடிவில் கப்பலோ விமானமோ போர்முனை நோக்கிப் புறப்படும். பத்துப் பதினைந்து நிமிஷத்தில் எல்லாம் முடிந்துவிடும். குறை சொல்வதற்காக இதைக் கூறவில்லை. பஞ்சு எங்கே நூலாகிறது, இரும்பு எங்கே ஊசியாகிறது என்பதைக் கண்ணால் காண்பது நல்ல கல்வி. ஆனால் அந்தப் படங்கள் எந்த இடத்தில் தொடங்குகின்றன, எந்த இடத்தில் நின்றுவிடுகின்றன என்பதைக் கவனிக்கிறவருக்கு இன்னொரு பாடமும் கிடைக்கும்.

விவசாயிகளுக்கென்றே எடுக்கப்பட்ட ஒரு படத்தை எடுத்துக்கொள்வோம். 1942-இல் அமெரிக்க விவசாய இலாகா எடுத்த ‘ஹெம்ப் பார் விக்டரி’, அதாவது ‘வெற்றிக்கு நார்ச்செடி’ என்னும் அப்படம் சுமார் 14 நிமிஷம் ஓடுகிறது. கப்பல்களுக்கு வேண்டிய கயிற்று நார் அமெரிக்காவுக்குப் பிலிப்பைன் தீவுகளிலிருந்தும் கிழக்கிந்தியப் பகுதிகளிலிருந்தும் வந்துகொண்டிருந்தது. அவ்விடங்களை ஜப்பான் பிடித்துக்கொண்டதும் அந்த வரத்து நின்றது. ஆகவே உள்நாட்டு விவசாயிகளே நார்ச்செடி பயிரிட வேண்டும் என்று அப்படம் கேட்டுக்கொள்கிறது.

இங்கே பெயர்க் குழப்பம் ஒன்று உண்டு; பயிர்த்தொழில் செய்வோர் தெளிந்துகொள்வது நல்லது. அப்படம் சொல்லும் செடி கஞ்சா இனத்தைச் சேர்ந்தது. நாருக்காக நெருக்கமாக விதைத்து வளர்ப்பது. ‘மணிலா நார்’ எனப்படுவதோ வாழை இனத்து மரத்தின் மட்டையிலிருந்து உரிப்பது. நம் நாட்டுச் சணப்பை இவ்விரண்டும் அன்று. அது அவரை, துவரையின் குடும்பம். கயிறு வியாபாரத்தில் மூன்றையும் ஒரே பெயரால் வெள்ளையர் அழைத்தார்கள்.

படத்தில் விதைப்பு, அறுவடை, தண்டைப் பனியில் கிடத்திப் பதப்படுத்துதல், நாரைப் பிரித்தல், ஆலையில் கயிறு முறுக்குதல் எல்லாம் வரிசையாக வருகின்றன. விவசாயிதான் அதில் கதாநாயகன். 1942-இல் 14,000 ஏக்கரில் நார் அறுவடை ஆயிற்று என்றும், 1943-க்கு இலக்கு 3,00,000 ஏக்கர் என்றும் அது கூறுகிறது. அந்தச் செடியைப் பயிரிட 1937-ஆம் ஆண்டுச் சட்டப்படி சர்க்காரிடம் பதிவு செய்து வரி முத்திரை பெற வேண்டும் என்பதையும் சொல்கிறது. நடுமேற்கு மாகாணங்களில் நார் பிரிக்கும் ஆலைகள் எழுந்தன. யுத்தம் முடிந்தது; கடல் வழி திறந்தது. பழையபடி மணிலா நாரும், அதைவிட முக்கியமாக நைலானும் சந்தைக்கு வந்தன. நார் ஆலைகள் மூடின. மூடியதைக் காட்ட எந்த இலாகாவும் படம் எடுக்கவில்லை.

நம் பக்கத்திலும் இதற்கு ஒப்பான நிகழ்ச்சிகள் உண்டு. பாரசூட்டுக்குப் பட்டு தேவைப்பட்டபோது மைசூரிலும், அப்போது நமது கோயம்புத்தூர் ஜில்லாவைச் சேர்ந்திருந்த கொள்ளேகாலத்திலும் பட்டு வளர்ப்பு பெருகியது; யுத்தத் தேவை ஓய்ந்தபின் சுருங்கியது. 1940-இல் நார்வேயை ஜெர்மனி பிடித்ததும் காட் மீன் எண்ணெய் வரத்து நின்றது. சென்னை மாகாண மீன் இலாகா கோழிக்கோட்டில் சுறா ஈரலிலிருந்து எண்ணெய் எடுக்கலாயிற்று. அதுவரை மதிப்பில்லாதிருந்த சுறா ஈரலுக்கு விலை வந்தது. 1947 முதல் வைட்டமின் ஏ சத்தை ஆய்வுசாலையிலேயே செய்யும் வழி கிடைத்துவிட, அந்த விலையும் மெல்ல இறங்கிற்று.

இனி நைலானைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும். அது நூல் ஆதலால் நெசவாளருக்கு அதன் இயல்பு தெரிந்திருக்க வேண்டியது அவசியம்.

அமெரிக்காவில் டுபாண்ட் கம்பெனியின் ஆய்வுசாலையில் வாலஸ் கேரதர்ஸ் என்னும் ரசாயன நிபுணர் தலைமையில் 1935 பிப்ரவரியில் அது உருவாயிற்று. அதே 1935-இல்தான் சென்னையில் கைத்தறி நெசவாளர்களின் மாகாணக் கூட்டுறவுச் சங்கம், இன்று நாம் கோ-ஆப்டெக்ஸ் என்றழைப்பது, தோன்றியது. இரண்டுக்கும் ஒருவிதத் தொடர்பும் இல்லை. ஆண்டு ஒன்றாக அமைந்தது தற்செயல். கேரதர்ஸ் 1937-இல் மறைந்தார். தம் நூல் கடைக்கு வந்ததை அவர் பார்க்கவில்லை.

இரண்டு ரசாயனப் பொருள்களைச் சேர்த்துச் சூடேற்றினால், அவற்றின் நுண்துகள்கள் கை கோத்தாற்போல ஒன்றன்பின் ஒன்றாக இணைந்து நீண்ட சங்கிலியாகின்றன. இணையும்தோறும் சிறிது நீர் ஆவியாகிப் பிரிகிறது. ஒவ்வொரு பொருளிலும் ஆறு கரி அணுக்கள் இருப்பதால் அதற்கு ‘நைலான் 66’ என்று பெயர். சுமார் 260 டிகிரி சூட்டில் உருகும் அந்தக் குழம்பை மிக நுண்ணிய துளைகள் உள்ள தகட்டின் வழியே அழுத்தினால் இழை இழையாக இறங்கிக் காற்றில் உறைகிறது. இடியாப்பம் பிழிவதைப் பார்த்தவருக்கு இது எளிதில் விளங்கும்.

ஆனால் அப்படி இறங்கும் இழையில் வலு இல்லை. அதை ஆறிய நிலையில் ஏறத்தாழ நான்கு மடங்கு நீளத்திற்கு இழுக்க வேண்டும். தாறுமாறாகக் கிடந்த சங்கிலிகள் அவ்விழுப்பில் ஒரே திசையில் அணி வகுக்கின்றன. அதன் பிறகே இழை உரம் பெறுகிறது. இந்த இரகசியத்தை 1930-இல், நைலானுக்கு முந்திய வேறொரு பொருளில், கேரதர்ஸின் சகாவான ஜூலியன் ஹில் கண்டுபிடித்தார். கண்ணாடிக் கோலின் நுனியில் ஒட்டிய பிசினை அங்கிருந்தவர்கள் கட்டிடத்தின் நடைவழி நெடுக இழுத்துக்கொண்டு ஓடிப் பார்த்தார்கள் என்பர். பாவு நீட்டும் தெருவில் பிறந்தவர்களுக்கு அந்தக் காட்சி புதிதாகத் தோன்றாது.

1940 மே மாதத்தில் அமெரிக்கக் கடைகளில் பெண்களின் காலுறையாக அந்த நூல் விற்பனைக்கு வந்தது. 1942 தொடக்கத்தில் உற்பத்தி முழுவதும் யுத்தத்திற்குத் திருப்பப்பட்டது. ஜப்பானியப் பட்டு கிடைக்காத குறையை இட்டு நிரப்பி, பாரசூட், இழுவைக் கயிறு, விமானச் சக்கரத்தின் டயர் நூல் எனப் பல வடிவம் எடுத்தது. கம்பெனி அதை அறிமுகம் செய்தபோது நிலக்கரி, நீர், காற்று ஆகிய மூன்றிலிருந்து செய்த நூல் என்று விளம்பரம் செய்தது. அந்தப் பட்டியலை நம் அங்கத்தினர்கள் ஒரு முறைக்கு இரு முறை படித்துப் பார்க்க வேண்டும். அதில் உழவர் இல்லை, பஞ்சு இல்லை, பட்டுப்புழுவும் இல்லை.

அந்நாளில் இங்கே நிலைமை எவ்வாறிருந்தது? 1943-இல் துணிக்கும் நூலுக்கும் கட்டுப்பாட்டு உத்தரவு வந்தது. நூல் கிடைக்காமல் தறிகள் நின்றன. வலைக்கு முறுக்கும் நூலும் ஆலை நூலே ஆகையால் நெசவாளர் பட்ட பாட்டைக் கடற்கரைக் குப்பங்களும் பட்டன. பருத்தி வலையைக் காப்பாற்றுவதே தனியொரு வேலை. கரைக்கு வந்ததும் அலசி மணலில் விரித்து உலர்த்த வேண்டும். உலராத வலை சில நாளில் இற்றுப்போகும்; பஞ்சை உண்ணும் நுண்ணுயிர்கள் ஈரத்தில் பெருகுவதே காரணம். அவற்றைத் தடுக்கக் கருவேலம் பட்டை, புளியங்கொட்டைத் தோல், பனிச்சங்காய் போன்றவற்றின் துவரை வலைக்கு ஏற்றுவார்கள். துவர் கரையக் கரைய மறுபடி ஏற்ற வேண்டும். நூல் முறுக்குவோர், வலை பின்னுவோர், பட்டை விற்போர் என ஒரு வலையைச் சுற்றிப் பல வயிறுகள் பிழைத்தன. முதியவர்களும் பெண்களும் வீட்டு வாசலில் அமர்ந்தே ஈட்டிய கூலி அது.

1950-களின் பிற்பகுதியிலும் 1960-களிலும் நைலான் வலை நம் கடற்கரைகளில் பரவியது. கேரளத்தில் 1950-களில் தொடங்கிய இந்திய-நார்வே திட்டம் அதைப் பழக்கத்துக்குக் கொண்டுவந்தவற்றுள் முக்கியமானது. நைலானின் சிறப்பு எது என்பதில் பலருக்குத் தவறான எண்ணம் இருக்கிறது. நனைந்தால் பருத்தி நூல் சற்று வலுக்கும். நைலான் சற்றுத் தளரும். ஆயினும் ஒரே பருமனில் பார்த்தால் நைலானின் உரம் பருத்தியை வெகுவாக மிஞ்சுகிறது. ஆகவே மெல்லிய நூலிலேயே வலை செய்யலாம். மெல்லிய நூல் மீன் கண்ணுக்கு எளிதில் புலப்படாது. மீன் அதிகம் விழும். யாவற்றுக்கும் மேலாக அது இற்றுப்போவதில்லை. நுண்ணுயிர்களால் அதைத் தின்ன முடியாது. வெயில்தான் அதற்குப் பகை. நாளெல்லாம் வெயிலில் கிடந்தால் இழை நொய்ந்துவிடும். பருத்தி வலையை வெயிலில் காயவைத்த கைகள் நைலான் வலையை நிழலில் மூடி வைக்கக் கற்க வேண்டியதாயிற்று. வழவழப்பான நூலாதலால் முடிச்சு நழுவும். அதற்காக இரட்டை முடிச்சு இடுவதும், பின்னிய வலையைச் சூட்டில் பதப்படுத்துவதும் வழக்கத்திற்கு வந்தன.

கடலில் இறங்குகிறவர் இந்த மாற்றத்தை விரும்பினார் என்றால் அதில் தவறு காண இயலாது. தினந்தோறும் அலசி உலர்த்தும் உழைப்பு மிஞ்சியது. ஒரே வலை பல மடங்கு காலம் உழைத்தது. வாசலில் உட்கார்ந்து நூல் முறுக்கியவருக்கு மட்டும் அந்த வேலை திரும்பி வரவில்லை. இன்று வலை இயந்திரத்தில் பின்னப்பட்டுச் சுருளாக வருகிறது. நாகர்கோவில் வட்டாரத்தில் அதற்கென ஆலைகள் பல உள்ளன. குப்பத்தில் எஞ்சியிருப்பது வலையைக் கோப்பதும் கிழிந்ததைத் தைப்பதுமே. முன்பு பாதிக்கு மேல் உழைப்பாக இருந்த வலை இப்போது முழுவதும் ரொக்கம். ரொக்கம் இல்லாதவர் மீன் வியாபாரியிடம் முன்பணம் வாங்குவார். வாங்கியவர் மீனை அவர் சொன்ன விலைக்கே கொடுப்பார். கேரளத்து மீனவர் கூட்டுறவுச் சம்மேளனமான மத்ஸ்யபெட் தானே வலை ஆலை நடத்துவதன் பொருத்தம் இங்கேதான் விளங்குகிறது. நூலைக் கண்டுபிடித்தது யார் என்பதைக் காட்டிலும், வலை யார் கையிலிருந்து மீனவருக்கு வருகிறது என்பது குப்பத்து அடுப்பை அதிகம் பாதிக்கிறது.

படகின் கதையும் நெசவோடு சேர்ந்ததே. கட்டுமரம் என்பது எடை குறைந்த மரத்துண்டுகளைக் கயிற்றால் சேர்த்துக் கட்டியது. அலை மேலே ஏறினாலும் நீர் இடுக்குகளின் வழியே வடிந்துவிடும், ஆகவே மூழ்காது. மரம் நீரை உறிஞ்சிக் கனக்கும். கரைக்கு வந்ததும் அவிழ்த்து உலர்த்துவார்கள். அதன் இடத்தைப் பிடித்த கண்ணாடி இழைப் படகுக்கு அடிப்படை ஒரு துணி! உருகிய கண்ணாடியை மயிரிழையினும் மெல்லியதாக இழுக்கும் முறை 1930-களில் அமெரிக்காவில் கைகூடிற்று. அந்த இழையைத் தறியில் நெய்து, அச்சின் மேல் அடுக்கடுக்காக விரித்து, திரவப் பிசினைப் பூசினால் சில மணி நேரத்தில் இறுகிவிடும். யுத்தத்தின்போது விமானத்தில் ராடார் கருவியை மூடும் கூட்டுக்கு இந்தப் பொருள் பயன்பட்டது. உலோகம் ராடார் அலையை மறிக்கும், இது மறிக்காது. 1942-இலேயே அமெரிக்காவில் ஒரு சிறு படகும் இவ்வாறு செய்யப்பட்டது. யுத்தம் முடிந்தபின் படகுத் தொழில் இதைத் தழுவிக்கொண்டது.

நம் கரைக்கு இது ஆங்காங்கே முன்பே வந்திருந்தபோதிலும், 2004 டிசம்பர் 26-ஆம் நாள் சுனாமிக்குப் பிறகே வெள்ளமாக வந்தது. இழந்த கட்டுமரங்களுக்கு ஈடாக நிவாரணமாய் வழங்கப்பட்டவற்றில் பெரும்பாலானவை கண்ணாடி இழைப் படகுகள். தரம் எல்லாவற்றிலும் ஒன்றாக இல்லை. எத்தனை அடுக்குத் துணி விரிக்கப்பட்டது, பிசின் நன்றாக ஊறிற்றா என்பவை பூச்சுக்குள் மறைந்துவிடுகின்றன. பாவில் இழை குறைந்த சேலையை விரல் நுனியால் அறிந்துவிடுகிற நம்மவர்க்கே படகில் அது தெரியாது; கடலில் சில பருவம் ஓடிய பிறகு வெடிப்பாக வெளிப்படும்.

கயிற்றுக்கு நீண்ட விளக்கம் தேவையில்லை. பாலிதீன் 1933-இல் இங்கிலாந்தில் தற்செயலாய்க் கிடைத்தது. அதன் ஆலை 1939 செப்டம்பரில், யுத்தம் மூண்ட அதே சமயத்தில், உற்பத்தியைத் தொடங்கியது. ராடார் கம்பிகளுக்கு மேலுறையாக அது செய்த சேவை பெரிது. கயிற்றுக்கு ஏற்ற உறுதியான வகை 1950-களில் வந்தது. நீலமும் பச்சையுமாக இன்று மணலில் கிடப்பது அதன் வழித்தோன்றல். நம் தென்னை நார்க் கயிறு கடற்கரையில் பெரும்பாலும் அதற்கு இடம் விட்டுவிட்டது.

யுத்தப் படங்கள் சரக்கு ஆலையை விட்டுப் புறப்பட்டதும் முடிந்துவிடும் என்றோம். பருத்தி வலை இற்றது. அது குறை என்று எண்ணினோம். நைலான் இறாது, அதை நிறை என்று கொண்டோம். கடலில் அறுந்துபோன நைலான் வலை அடியில் கிடந்து ஆளில்லாமலே பல காலம் மீனைப் பிடித்துக்கொண்டிருக்கிறது. அதனால் பயன் எவருக்கும் இல்லை. பெசன்ட் நகர்க் கரையில் பருவந்தோறும் முட்டையிட வரும் பங்குனி ஆமைகளும் அதில் சிக்குவதுண்டு. இக்கரையோரம் இரவில் நடந்து ஆமை முட்டைகளைக் காப்பாற்றி வரும் மாணவர் குழு 1988 முதல் அப்பணியைச் செய்துவருகிறது.

பழைய வலையை என்ன செய்வது என்பது இப்போது எல்லாக் குப்பங்களுக்கும் முன்னுள்ள கேள்வி. மீன் வலைக்குப் பெரும்பாலும் ‘நைலான் 6’ என்னும் வகை பயன்படுகிறது. ஜெர்மனியில் 1938-இல் பால் ஷ்லாக் கண்டது. அதை மீண்டும் அதன் மூலப்பொருளாகப் பிரித்துப் புது நூலாக்க முடியும்; இத்தாலியக் கம்பெனி ஒன்று அவ்வாறு செய்து கம்பளத்திற்கும் துணிக்கும் நூல் விற்கிறது. சென்னையில் காசிமேட்டில் 2024-இல் பழைய வலை சேகரிக்கும் நிலையம் ஒன்று அரசு முயற்சியால் தொடங்கப்பட்டது. புது நூலாக்கும் வலையில் பாலிதீன் கயிறும், மிதவையும், ஈயமும் கலந்திருத்தல் ஆகாது. பிரிக்கும் வேலை இயந்திரத்துக்கு எளிதில் வசப்படுவதன்று. கையாலேயே அறுத்துப் பிரிக்க வேண்டும். வலை தைத்துப் பழகிய விரல்களே அதற்குத் தகுதியானவை. ஐயம் தோன்றினால் ஒரு வாளி நல்ல தண்ணீரில் சிறு துண்டை நனைத்துக் காற்றுக் குமிழி போகப் பிழிந்து விட்டுப் பார்க்கலாம். நைலான் அடியில் போய்த் தங்கும். பாலிதீன் மேலே மிதக்கும்.